ஒரே கொடியிலிருந்து பிறக்கும் கோடுகள்

மூன்று இரவுகளாக பிரிட்டிஷ் கட்டடக் கலைஞர் ஓவன் ஜோன்ஸின் ‘த கிராமர் ஆஃப் ஆர்னமென்ட்’ (அலங்காரத்தின் இலக்கணம்) புத்தகத்தோடுதான் இருக்கிறேன். 1856-ல் லண்டனில் வந்தது. எகிப்து, கிரேக்கம், பாரசீகம், இந்தியா, சீனா என்று பல நாட்டு அலங்கார வடிவங்கள், 100 பெரிய வண்ணத் தகடுகளில், அதாவது முழுப்பக்கப் படங்களில்.

அத்தனையும் வண்ணக் கல்லச்சு, கல்லில் வரைந்து தாளில் அச்சிடும் முறை. ஒவ்வொரு நிறத்துக்கும் தனித்தனிக் கல். ஒரே தாள் ஒவ்வொரு கல்லுக்கும் போய்த் திரும்ப வேண்டும், ஒரு மயிரிழை விலகினாலும் சிவப்பு தன் கோட்டைத் தாண்டி நீலத்தில் ஏறிவிடும். ஸ்பெயினில் உள்ள அல்ஹம்ப்ரா அரண்மனையின் தகடுகளைப் பாருங்கள், நீலமும் சிவப்பும் பொன்னும் அப்படியே அடங்கி நிற்கின்றன. ஜோன்ஸ் 1834-ல் நண்பர் ஜூல்ஸ் கூரியோடு கிரானடா போய் அந்த அரண்மனையை அளந்து வரைந்தவர். கூரி அங்கேயே காலராவில் இறந்துபோனார். அது தெரிந்த பிறகு அந்தப் பக்கங்களைச் சட்டென்று புரட்ட முடியவில்லை.

தொடக்கத்தில் 37 விதிகள் தருகிறார். எனக்குப் பிடித்தது: பரப்பில் ஓடும் கோடுகளெல்லாம் ஒரு தாய்த்தண்டிலிருந்து கிளம்ப வேண்டும், எவ்வளவு தூரத்துச் சுருளையும் அதன் கிளைக்கும் வேருக்கும் பின்தொடர முடிய வேண்டும். விரலை வைத்துப் பார்த்தேன், முடிகிறது!

அப்புறம் கடைசி அத்தியாயம். அதில் எந்த நாட்டு அலங்காரமும் இல்லை, வெறும் இலையும் பூவும்தான். ஹார்ஸ் செஸ்ட்நட் என்ற மரத்தின் இலைகளை அசல் அளவிலேயே நகலெடுத்து வைத்திருக்கிறார். ஒரே காம்பின் நுனியிலிருந்து விரித்த விரல்களாக இலைகள், நடுவிலிருப்பது பெரியது, ஓரத்துக்குப் போகப் போகச் சிறியது.

நேற்று ராத்திரி பென்சிலை எடுத்துவிட்டேன்.