பெரியம்மா வளவு வெளிச்சம்

2024 ஆகஸ்ட் 1, வியாழன்

மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே, படுவான்கரையில் பெரியம்மா வீட்டுக் கிணற்றடிப் பாத்தியில் பொன்னாங்கண்ணி ஒளிர்கிறது. கரண்ட் போய்க் கிடந்த நேரம் வாளி எடுக்கப் போன மச்சாள்தான் முதலில் கண்டு கத்தினாள். பக்கத்தில் நிற்கிற நந்தியாவட்டை, வேலியில் படர்ந்த தூதுவளை எல்லாம் வழமை மாதிரி இருட்டுத்தான். பொன்னாங்கண்ணி மட்டும்தான், அதுவும் மின்மினி மாதிரி விட்டுவிட்டு மின்னவில்லை, ஒரே சீராகப் பச்சை. குந்தியிருந்து உற்றுப் பார்த்தேன். நுனிக் குருத்தில்தான் நல்ல வெளிச்சம், கீழே வர வர மங்கி, முற்றின இலையில் நரம்பு மட்டும் தெரிகிறது, மண்ணில் முட்டுகிற பழுத்த இலையில் ஒன்றுமே இல்லை. தொட்டால் சூடில்லை, விரலில் ஒட்டவும் இல்லை. பெரியம்மா எட்டிப் பார்த்து "என்னகா இது" என்றார். மறுகா போய்ப் படுத்துவிட்டார்.

ஆகஸ்ட் 2, வெள்ளி

ஊர் முழுக்கக் கதை போய்விட்டது. அம்மன் இறங்கியிருக்கிறாள் என்று ஒரு கூட்டம், நாகம் மாணிக்கத்தைக் கக்கிவிட்டுப் போயிருக்கு என்று இன்னொரு கூட்டம், பக்கத்து வயலுக்கு அடித்த மருந்தின் வேலை என்று வயல் தண்ணீர் பார்க்கிற வட்டவிதானையார். உயர்தரத்தில் உயிரியல் படிக்கிற தம்பி காளான் என்கிறான். உக்கின மரத்தில் ஒளிர்கிற காளான்கள் உண்மையிலேயே இருக்கு, உலகத்தில் நூறு வகைக்கு மேல். ஆனால் அதற்கு ஈரம் வேண்டும், இங்கே வறண்ட கச்சான் காற்றில் கிணறே அடிதட்டி நிற்கிறது. தானாக ஒளிரும் செடி என்று இயற்கையில் இதுவரை ஒன்றும் கண்டுபிடிக்கப்படவில்லை. ஆகவே தம்பிக்கும் நாகமாணிக்கத்துக்கும் இப்போதைக்கு ஒரே புள்ளிதான்.

ஆகஸ்ட் 4, ஞாயிறு

ஆடி அமாவாசை. மாமாங்கக் கோயில் தீர்த்தம் ஆடிவிட்டு வந்த சனம் பொழுதுபட நேரே வளவுக்குள் வந்துவிட்டது. நிலா இல்லாத இருட்டு, பாத்தி முழுக்கத் துலக்கமாகத் தெரிந்தது. பார்த்தால் போதாது, ஆளுக்கொரு நுனி கிள்ள வேண்டும். கிள்ளின இலை வீடு போய்ச் சேர்வதற்குள் அணைந்துவிடும், ஆனால் செடியில் கிள்ளுப்பட்ட இடம் மட்டும் கொஞ்ச நேரம் கூடுதலாக எரிகிறது, அதைப் பார்க்கவென்றே திரும்பத் திரும்பக் கிள்ளுகிறார்கள். எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. பெரியம்மா வந்த ஆட்களுக்குத் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தார்!

ஆகஸ்ட் 7, புதன்

இரவிரவாக வாசித்தேன். 1986 இல் அமெரிக்காவில் மின்மினியின் ஜீனைப் புகையிலைக்குள் வைத்து ஒளிர வைத்திருக்கிறார்கள், ஆனால் அதற்கு லூசிஃபெரின் என்ற பொருளை வெளியிலிருந்து ஊட்ட வேண்டியிருந்தது. 2020 இல்தான் ஒளிரும் காளானின் ஜீன்களை வைத்து, செடி தன்னிடம் ஏற்கெனவே இருக்கிற காஃபிக் அமிலத்திலிருந்து தானே வெளிச்சம் உண்டாக்குகிற புகையிலை வந்தது, அதுவும் பச்சை, அதிலும் இளந்தளிரும் பூவும்தான் பிரகாசம். அதே வழியில் வந்த பெட்டூனியாவை இந்த வருடம் அமெரிக்காவில் 29 டொலருக்கு விற்கிறார்கள். பெரியம்மா பாத்திக்கு யாரும் ஜீன் கொண்டுவந்து போடவில்லை, போட்டது மாட்டெரு மட்டும்.

ஆகஸ்ட் 10, சனி

அந்த 2020 ஆய்வில் ஒரு விசயம் பிடித்திருந்தது. பழுத்த வாழைப்பழத் தோலைப் பக்கத்தில் வைத்தால் வெளிச்சம் கூடுமாம், தோல் விடுகிற எத்திலீன் வாயுதான் காரணம். இரண்டு பேசினைக் கவிழ்த்து, ஒன்றுக்குள் செடியோடு கதலித் தோலும், மற்றதுக்குள் செடி மட்டும். இரவு தூக்கிப் பார்த்தால் தோல் வைத்த பக்கம் நன்றாகவே கூடியிருந்தது! அப்போ நாகமாணிக்கக் கட்சிக்குப் புள்ளி குறைந்துவிட்டது.

வினை என்னவென்றால் வேலியால் எட்டிப் பார்த்த பொடியன்கள் இப்போது வீடு வீடாகத் தோல் பொறுக்கிக்கொண்டு வந்து பாத்தியில் கொட்டுகிறார்கள். எறும்பு, ஈ, கடைசியில் தோல் தின்ன வந்த ஆடு தூதுவளையையும் சேர்த்து மேய்ந்துவிட்டது. அதன் பிழுக்கை ஒளிருமா என்று நடுச்சாமம் வரை ஆட்டின் பின்னால் திரிந்தார்கள். ஒளிரவில்லை.

ஆகஸ்ட் 19, திங்கள்

பறுவம். கல்முனை, அக்கரைப்பற்றுப் பக்கமிருந்தெல்லாம் வேன் பிடித்து வந்திருந்தார்கள். நிலா வெளிச்சத்தில் செடி ஒளிர்வதே தெரியவில்லை. "போட்டோவில பார்த்த வெளிச்சம் எங்க?" என்று ஒருவர் என்னோடு சண்டைக்கு வந்தார். போனை அசையாமல் வைத்து நீண்ட நேரம் ஒளியை வாங்கி எடுத்த படம் அது, கண்ணுக்கு அவ்வளவு தெரியாது என்று சொன்னால் யார் கேட்கிறார்கள்? வாசலில் கச்சான் கடலை விற்க வந்தவருக்கு மட்டும் நல்ல வியாபாரம்.

ஆகஸ்ட் 20, செவ்வாய்

இன்றைக்குப் பொழுதுபட்டதும் பெரியம்மா சுளகோடு போய்ப் பாத்தியில் அரைவாசியை ஆய்ந்துவந்துவிட்டார். நான் பதறினதற்கு, "பொன்னாங்கண்ணி ஆய ஆயத்தான் தளைக்கும் மகள், உன்ட ஆட்கள் கிள்ளினதால ஒண்டும் குறையல்ல" என்றார். மச்சாள் கேட்டதற்காகக் குசினி லைட்டை அணைத்து வைத்தோம். அரிந்த கீரை சுளகில் பச்சையாக எரிந்தது. வெங்காயம் வதங்கின சட்டிக்குள் போட்டதும், வெளிச்சம் உண்டாக்குகிற நொதியம் சூட்டில் கெட்டுப்போகும் என்று நான் வாசித்ததைச் சொல்லி முடிப்பதற்குள், ஓரத்திலிருந்து நடுவுக்கு அணைந்துகொண்டே வந்து சட்டி கறுப்பாகிவிட்டது.

"லைட்டப் போடு மகள், உப்புப் போத்தல் எங்க கிடக்கென்டு தெரியல்ல."