லாகீஸ்: ஒரே வசனத்தில் கடந்துபோன ஊர்

மார்ச் 1, 2026, ஞாயிறு

இன்று பிரசங்கம் 2 இராஜாக்கள் 19. அசீரியா ராஜா சனகெரிப் எருசலேமை மிரட்டியதும், ஒரே ராத்திரியில் கர்த்தருடைய தூதன் 1,85,000 பேரைச் சங்கரித்ததும் சிறுவயதிலிருந்து கேட்டுக் கேட்டுப் பழகிய கதைதான். ஆனால் இந்தத் தடவை என் கண் முந்தின அதிகாரத்தில் நின்றுவிட்டது. யூதாவின் அரணான பட்டணங்களை எல்லாம் சனகெரிப் பிடித்தான் என்று ஒரு வசனம். உடனே அடுத்த வசனத்தில் யூதா ராஜா எசேக்கியா, லாகீசில் இருக்கிற அசீரியா ராஜாவுக்கு ஆள் அனுப்புகிறான், தப்பு செய்துவிட்டேன், என்ன கேட்டாலும் தருகிறேன் என்று.

லாகீஸ் என்ற பெயர் அங்கே ஒரு விலாசம் மாதிரிதான் வருகிறது, ராஜா முகாம் போட்ட இடம், அவ்வளவுதான். அந்த ஊர் எப்படி விழுந்தது, உள்ளே இருந்தவர்கள் என்ன ஆனார்கள், ஒரு வார்த்தை கிடையாது. இத்தனைக்கும் அது யூதாவில் எருசலேமுக்கு அடுத்த முக்கியமான ஊர், எருசலேமிலிருந்து தென்மேற்கே சுமார் 40 கிலோமீட்டர். நடந்தது கி.மு. 701-இல். இதைக் கொஞ்சம் தோண்டிப் படிக்கப்போகிறேன், படிக்கப் படிக்க இங்கே எழுதுகிறேன்.

மார்ச் 3, செவ்வாய்

கதை 705-இல் தொடங்குகிறது. சனகெரிப்பின் அப்பா சர்கோன் இன்றைய துருக்கிப் பக்கம் போருக்குப் போய் களத்திலேயே செத்தான், பிணம்கூடக் கிடைக்கவில்லை. அசீரிய ராஜாவுக்கு இப்படி ஒரு சாவு என்றதும் கப்பம் கட்டிக்கொண்டிருந்தவர்களுக்கெல்லாம் தைரியம் வந்துவிட்டது. பாபிலோனில் மெரோதாக் பலாதான் எழும்பினான், இந்தப் பக்கம் எசேக்கியா கப்பத்தை நிறுத்தினான். எசேக்கியா தனியாகவும் நிற்கவில்லை. பக்கத்துப் பெலிஸ்த ஊரான எக்ரோனில் பாதி என்று ஒரு ராஜா, அசீரியாவுக்கு விசுவாசமானவன். அவனை ஊர்க்காரர்களே பிடித்து விலங்கு போட்டு எசேக்கியாவிடம் ஒப்படைத்தார்கள், எருசலேமில் அடைத்து வைத்திருந்தான். இது வேதத்தில் இல்லை, சனகெரிப் எழுதி வைத்த களிமண் பட்டகத்தில் இருக்கிறது. பெலிஸ்தர் என்றாலே கோலியாத், நிரந்தரப் பகை என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம், இங்கே பெலிஸ்த ஊர்க்காரர்களும் யூதா ராஜாவும் ஒரே கட்சி.

எசேக்கியா என்ன வரப்போகிறது என்று தெரிந்தேதான் இறங்கியிருக்கிறான். எண்ணெயும் திராட்சரசமும் சேமிக்கிற பெரிய ஜாடிகள், கைப்பிடியில் "ராஜாவுக்குரியது" என்று முத்திரை குத்தினவை, யூதா முழுக்கத் தோண்டிய இடமெல்லாம் கிடைக்கின்றன, லாகீசில் நூற்றுக்கணக்கில். எருசலேமில் 1970 வாக்கில் நாமான் அவிகாத் தோண்டியெடுத்த மதில் ஏறக்குறைய 7 மீட்டர் அகலம், அது இடிக்கப்பட்ட வீடுகளின் மேலேயே ஓடுகிறது. எருசலேம் வீடுகளை எண்ணி, மதிலைப் பலப்படுத்த வீடுகளை இடித்தீர்கள் என்று ஏசாயா 22-இல் ஒரு கோபமான வரி இருக்கிறதே, அதைப் படித்துவிட்டு அந்த மதிலின் படத்தைப் பார்த்தால் ஒரு மாதிரி இருக்கிறது. யாருடைய வீடோ.

தண்ணீர்தான் பெரிய விஷயம். கீகோன் ஊற்று மதிலுக்கு வெளியே. அதை வெளியிலிருந்து மூடி, பாறைக்குள் 533 மீட்டர் சுரங்கம் வெட்டி ஊருக்குள் கொண்டுவந்தார்கள், இரண்டு முனையிலிருந்தும் வெட்டிக்கொண்டே வந்து நடுவில் சந்தித்தார்கள். அந்தச் சந்திப்பை விவரிக்கிற எபிரேயக் கல்வெட்டு 1880-இல் கிடைத்தது, இப்போது இஸ்தான்புல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதில் ராஜா பெயரே இல்லை. கல் வெட்டினவன் அடுத்த பக்கத்து ஆளின் குரல் கேட்டதைச் சொல்கிறது. இந்தப் போரைப் பற்றிய எழுத்துகளில் தற்பெருமை இல்லாத ஒரே எழுத்து அதுதான் என்று எனக்குப் படுகிறது.

மார்ச் 4, புதன்

சின்னக் குறிப்பு. ராஜாக்கள் யுத்தத்துக்குப் புறப்படும் காலம் என்று 2 சாமுவேல் 11-இல் வருகிறது (தாவீது போகாமல் வீட்டில் இருந்து பத்சேபாள் கதையாகிப்போன அதே இடம்). மழை நின்றிருக்கும், பாதை காய்ந்திருக்கும், வாற்கோதுமை கதிர் முற்றியிருக்கும். அதாவது வருகிற படை எதிரியின் வயலிலேயே சாப்பிட்டுக்கொள்ளலாம். நியாயாதிபதிகள் காலத்தில் மீதியானியர் ஒட்டகங்களோடு வந்து விளைச்சலைத் தின்று தீர்த்துவிட்டுப் போனார்கள், அதனால்தான் கிதியோன் கோதுமையைக் களத்தில் அடிக்காமல் திராட்சை ஆலையில் ஒளித்துப் போரடிக்கிறான். எசேக்கியாவுக்குத் தீர்க்கதரிசி ஏசாயா கொடுத்த அடையாளமும் சாப்பாட்டுக் கணக்குதான்: இந்த வருஷம் தானாக முளைத்ததைச் சாப்பிடுங்கள், அடுத்த வருஷமும் அப்படியே, மூன்றாம் வருஷம்தான் விதைப்பும் அறுப்பும். இரண்டு வருஷ விளைச்சல் போச்சு என்று அர்த்தம். பிரசங்கத்தில் இந்த வசனத்தை யாரும் எடுப்பதில்லை.

மார்ச் 7, சனி

இன்று முழுக்க லாகீஸ்தான். வீட்டு வேலை எதுவும் நடக்கவில்லை.

வேதம் விட்டதைச் சனகெரிப் விடவில்லை. நினிவேயில் கட்டின அரண்மனையில் ஒரு அறை முழுக்க லாகீஸ் முற்றுகையைக் கல்லில் செதுக்கி வைத்தான். 1840-களின் கடைசியில் லேயார்டு தோண்டியெடுத்தது, பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது, இணையத்தில் படங்களைப் பெரிதாக்கிப் பார்க்கலாம். ஒரு ஓரத்திலிருந்து பார்த்துக்கொண்டே வந்தால் முதலில் வில்லாளிகள், பின்னால் கவண்காரர்கள், அப்புறம் சரிவான மேட்டின்மேல் ஏறுகிற மதில் இடிக்கும் பொறிகள். மேலிருந்து யூதர்கள் எரிகிற பந்தங்களை எறிகிறார்கள், பொறிக்குள் இருக்கிற ஒருவன் நீளக் கரண்டியால் தண்ணீர் ஊற்றி நெருப்பை அணைத்துக்கொண்டிருக்கிறான். சண்டை இன்னும் நடந்துகொண்டிருக்கும்போதே அதே படத்தில் வாசல் வழியாகக் கைதிகள் மூட்டையோடு வெளியே வருகிறார்கள். கழுவேற்றப்பட்ட ஆட்கள். கொஞ்சம் தள்ளி உயிரோடு தோல் உரிக்கப்படுகிறவர்கள். மாட்டுவண்டியில் பெண்களும் பிள்ளைகளும். கடைசியில் சிங்காசனத்தில் சனகெரிப், பக்கத்தில் லாகீசின் கொள்ளைப்பொருள் அவன்முன் கடந்துபோனது என்று எழுத்து. ராஜாவின் முகத்தைப் பிற்பாடு யாரோ சிதைத்திருக்கிறார்கள்.

அசீரியர்கள் பெரிதுபடுத்துவார்கள் என்று தள்ளிவிடலாமா என்றால், மண் அதற்கு இடம் தரவில்லை. 1930-களில் ஸ்டார்க்கியும், 1970-களிலிருந்து டேவிட் உசிஷ்கினும் தோண்டினார்கள். படத்தில் இருக்கிற அந்த மேடு ஊரின் தென்மேற்கு மூலையில் அப்படியே இருக்கிறது. கற்களைக் கொட்டி, மேலே சாந்து பூசி, பொறிகளை உருட்டிக்கொண்டு போக வாகாகச் செய்தது. 2021-இல் வந்த ஒரு கணக்குப்படி ஏறக்குறைய 30 லட்சம் கற்கள், ஒவ்வொன்றும் 6.5 கிலோ அளவு, கைக்குக் கை மாற்றியே ஒரு மாதத்துக்குள் முடித்திருக்கலாம் என்கிறார்கள். மதிலிலிருந்து அம்பும் கல்லும் வந்துகொண்டிருக்கும்போது அதைச் சுமந்தது யார் என்று யோசித்தால், ஏற்கெனவே பிடிபட்ட பக்கத்து ஊர்க்காரர்களாகத்தான் இருக்கும் என்பது என் ஊகம். தங்கள் சொந்த ஜனங்கள்மேல் அம்பு விடவேண்டிய நிலை மதில்மேல் இருந்தவர்களுக்கு.

அவர்களும் சும்மா இருக்கவில்லை. அசீரியர் வெளியே மேடு போடப்போட, உள்ளே இவர்கள் மதிலுக்குப் பின்னால் தங்கள் பங்குக்கு ஒரு மேட்டை எழுப்பியிருக்கிறார்கள், மதில் உடைந்தாலும் அதன்மேல் புதுத் தடுப்பு வைத்துச் சண்டை போட. அந்த மூலையில் மட்டும் 800-க்கும் மேற்பட்ட அம்பு முனைகள், பெரும்பாலும் இரும்பு, டென்னிஸ் பந்து அளவு கவண்கற்கள், அப்புறம் ஒரு இரும்புச் சங்கிலித் துண்டு. இடிக்கும் பொறியின் முனையைச் சங்கிலி போட்டு இழுத்துப் பிடிக்கப் பார்த்திருக்கலாம் என்பது உசிஷ்கினின் எண்ணம். ஸ்டார்க்கி மலைச்சரிவுக் குகைகளில் ஏறக்குறைய 1,500 பேரின் எலும்புகளைக் கண்டார், அதையும் இந்த முற்றுகையோடு சேர்த்துத்தான் பலர் பேசுகிறார்கள்.

ஊர் முழுக்க எரிந்த சாம்பல் அடுக்கு. அதற்கு மேல் எழுத இன்று மனசில்லை.

மார்ச் 8, ஞாயிறு

லாகீசில் வேலை நடந்துகொண்டிருக்கும்போதே சனகெரிப் எருசலேமுக்குத் தன் அதிகாரி ரப்சாக்கேயை அனுப்புகிறான். அந்தப் பேச்சு (2 இராஜாக்கள் 18) ஒரு தேர்ந்த அரசியல்வாதியின் பேச்சு. மதில்மேல் இருக்கிற ஜனங்களுக்குக் கேட்கவேண்டும் என்று யூத பாஷையிலேயே பேசுகிறான். அதிகாரிகள் கெஞ்சுகிறார்கள், அரமேய மொழியில் பேசும், எங்களுக்குப் புரியும் என்று. அவன் கேட்பானா? பசியிலும் தாகத்திலும் தங்கள் மலத்தைத் தின்று மூத்திரத்தைக் குடிக்கப்போகிறவர்கள் இவர்கள்தானே, இவர்களுக்குத்தான் பேச வந்தேன் என்கிறான். 2,000 குதிரை தருகிறேன், ஏற ஆள் இருக்கிறதா என்று ஒரு நக்கல் வேறு. கடைசியில் சரணடைந்தால் உங்கள் தேசத்தைப் போலவே தானியமும் திராட்சையும் ஒலிவமும் உள்ள தேசத்துக்குக் கூட்டிப்போகிறேன் என்று, நாடுகடத்தலை ஏதோ பெரிய சலுகை போலச் சொல்கிறான்.

மார்ச் 11, புதன்

அசீரியர் கொடூரர்கள், இஸ்ரவேலர் பாவம் என்ற எண்ணத்தோடு ஒரு வாரம் ஓட்டினால் அடுத்து மேசாவின் கல்லைப் படிக்கவேண்டும். மோவாப் ராஜா மேசா கி.மு. ஒன்பதாம் நூற்றாண்டில் எழுதி வைத்தது, 1868-இல் இன்றைய யோர்தானில் திபானில் கிடைத்தது, உடைந்த துண்டுகளை ஒட்டி பாரிஸ் லூவ்ர் அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். இஸ்ரவேல் ராஜா உம்ரி மோவாபை நெடுநாள் ஒடுக்கினான், ஏனென்றால் மோவாபின் தெய்வமான காமோஸ் தன் தேசத்தின்மேல் கோபமாயிருந்தான் என்று தொடங்குகிறது. பிறகு காமோஸ் சொன்னான், போய் நேபோ என்ற ஊரை இஸ்ரவேலிடமிருந்து பிடி என்று. போனேன், விடியற்காலையிலிருந்து மத்தியானம் வரை சண்டை, 7,000 பேரை, ஆண் பெண் எல்லோரையும் கொன்று தெய்வத்துக்கு அர்ப்பணித்தேன் என்கிறான். தெய்வத்தின் பெயரை மட்டும் மறைத்துவிட்டுக் கொடுத்தால் யோசுவா புத்தகத்தில் ஒரு அதிகாரம் என்று நம்பிவிடுவோம். தேவன் கோபமானதால் தோற்றோம், இரங்கினதால் ஜெயித்தோம், பிடித்த ஊரை முழுக்க அவருக்கே கொடுத்தோம். ஆற்றுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே எண்ணம்.

இதே மேசாமேல் இஸ்ரவேலும் யூதாவும் ஏதோமும் சேர்ந்து படையெடுத்ததை 2 இராஜாக்கள் 3 சொல்கிறது. முற்றுகையின்போது கனிமரங்களை வெட்டாதே என்று உபாகமம் 20 கட்டளையிடுகிறது, வெளியின் மரம் மனுஷனா உன்னோடு சண்டைபோட என்கிற தொனியில். ஆனால் இந்தப் படையெடுப்பில் தீர்க்கதரிசி எலிசாவே நல்ல மரத்தையெல்லாம் வெட்டுங்கள், ஊற்றுகளைத் தூர்த்துவிடுங்கள், வயல்களைக் கல் போட்டுக் கெடுங்கள் என்கிறார், அப்படியே செய்தார்கள். ஒலிவமரம் மறுபடி நின்று காய்க்க எத்தனை வருஷம் ஆகும்? கடைசியில் மேசா தன் மூத்த மகனை மதில்மேல் பலியிடுகிறான், இஸ்ரவேலர் திரும்பிப் போய்விடுகிறார்கள். ஏன் போனார்கள் என்பதற்கு வேதம் தருகிற விளக்கம் ஒரு அரைவரி, அதை வைத்து அறிஞர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள்.

மார்ச் 14, சனி

அக்கம்பக்கத்துச் சின்ன ராஜ்யங்கள் ஒன்றுசேர்ந்த ஒரு தருணமும் உண்டு. கி.மு. 853, கார்கார், இன்றைய சிரியாவில். அசீரியா ராஜா மூன்றாம் சல்மனாசருக்கு எதிராகத் தமஸ்கு 1,200 ரதங்கள், ஆமாத் 700, அரபியர் 1,000 ஒட்டகங்கள், இஸ்ரவேலின் ஆகாப் 2,000 ரதமும் 10,000 காலாட்களும். கணக்கு சல்மனாசருடையது, ஆகாபின் ரதங்கள் கொஞ்சம் மிகை என்று பலருக்குச் சந்தேகம். ஜெயித்துவிட்டேன் என்று எழுதினான், ஆனால் அதே கூட்டணியோடு சண்டைபோட 849, 848, 845 என்று திரும்பத் திரும்ப வரவேண்டியிருந்தது. யேசபேலின் புருஷன் என்று மட்டும் நமக்குத் தெரிந்த ஆகாபைப் பற்றி வேதம் இதைச் சொல்லவே இல்லை.

மார்ச் 17, செவ்வாய்

சரி, எருசலேம் ஏன் விழவில்லை? எசேக்கியாவைக் கூண்டுப் பறவை போல அடைத்தேன் என்கிறான் சனகெரிப், பிடித்தேன் என்று சொல்லவில்லை. அவன் சொல்கிற கணக்கு: 46 அரணான ஊர்கள், 2,00,150 பேர், 30 தாலந்து (அந்தக் கால எடை அளவு) பொன், 800 தாலந்து வெள்ளி. வேதத்திலும் பொன் அதே 30, வெள்ளி 300. மக்கள் எண்ணிக்கையை நான் அப்படியே நம்பமாட்டேன், பொன் கணக்கை நம்புவேன், இரண்டு எதிரிகளும் ஒரே எண்ணைச் சொல்கிறார்களே. என் பார்வையில் அவனுக்கு வேண்டியது கிடைத்துவிட்டது. கப்பம் வந்தது, அடைபட்டிருந்த ராஜா பாதியை விடுவித்து எக்ரோன் சிங்காசனத்தில் உட்கார வைத்தாயிற்று, எசேக்கியா பணிந்துவிட்டான். தூதன் வந்தானா, கொள்ளைநோய் வந்ததா என்பது வேறு விசாரணை. எப்படியிருந்தாலும் எருசலேம் தப்பினதற்கான விலையை லாகீசும் மற்ற ஊர்களும் கட்டிவிட்டன.

யூதாவிடமிருந்து பறித்த ஊர்களைச் சனகெரிப் அஸ்தோத், எக்ரோன், காசா ராஜாக்களுக்குப் பிரித்துக் கொடுத்தான். அடுத்த தலைமுறையில் எக்ரோன் எண்ணெய் வியாபாரத்தில் கொழித்தது, அங்கே தோண்டினதில் 100-க்கும் மேற்பட்ட ஒலிவ எண்ணெய் ஆலைகள். 1996-இல் அதே இடத்தில் ஒரு கோயில் கல்வெட்டு கிடைத்தது, கட்டினவன் பாதியின் மகன்.

எசேக்கியாவின் மகன் மனாசே 55 வருஷம் ஆண்டான், இராஜாக்கள் புத்தகம் அவனைப்போல் கெட்டவன் இல்லை என்கிறது. கப்பத்தை ஒழுங்காகக் கட்டினான் போலிருக்கிறது, லாகீசுக்கு நடந்ததுபோல் அவன் காலத்தில் வேறு எந்த ஊருக்கும் நடந்ததாக இராஜாக்கள் புத்தகத்தில் இல்லை. சனகெரிப்பின் மகன் எசரத்தோன் நினிவேயில் அரண்மனை கட்ட மரமும் கல்லும் அனுப்பச் சொன்ன ராஜாக்களின் பட்டியல் கிடைத்திருக்கிறது. அதில் யூதாவின் மனாசே இருக்கிறான், ஏதோம், மோவாப் ராஜாக்கள் இருக்கிறார்கள், எக்ரோனிலிருந்து பாதியின் மகனும் இருக்கிறான்.