பத்தாம் வகுப்பு அறிவியல்: கார்பன் பாடத்தில் நான் சறுக்கிய இடம்

நேற்று ரிசல்ட் வந்தது. அறிவியலில் 93. அரையாண்டில் 68 எடுத்தவனுக்கு இது பெரிய விஷயம்.

அரையாண்டில் என்னைக் கவிழ்த்தது ஐயுபிஏசி பெயரிடல், அதாவது கார்பன் சேர்மங்களுக்கு உலகப் பொது விதிப்படி பெயர் வைப்பது. நேராக நான்கு கார்பன், இரண்டாவதிலிருந்து கீழே தொங்கும் இரண்டு கார்பன். 2-எத்தில் பியூட்டேன் என்று எழுதிவிட்டு நிம்மதியாக அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். தொங்குகிற இரண்டையும் சேர்த்து வளைத்து எண்ணினால் ஐந்து வருகிறது. சரியான பெயர் 3-மெத்தில் பென்டேன். அடுத்த இரண்டு சேர்மங்களிலும் இதே தப்பு.

அதற்குப் பிறகு ஒரு பழக்கம் வைத்துக்கொண்டேன். பென்சிலை ஒரு முனையில் வைத்து, எடுக்காமல் எவ்வளவு தூரம் போக முடிகிறதோ போவது. எல்லா முனைகளிலிருந்தும். கோலத்தில் இழை இழுப்பது மாதிரிதான். எது நீளமோ அதுதான் தாய்ச் சங்கிலி. அப்புறம் இரண்டு பக்கமிருந்தும் எண்ணி, சிறிய எண் வரும் பக்கத்தை எடுக்க வேண்டும். தினமும் பத்து சேர்மம், தை முழுக்க. பாடத்தில் வேறு எதை விட்டாலும் இதை விடாதீர்கள்.

சோப்பு, டிடர்ஜென்ட் வேறுபாட்டை நான் படிக்கவே இல்லை, வாளியில் பார்த்தேன். எங்கள் வீட்டு போர் தண்ணீர் உப்பு. பாட்டி துணிக்குக் கட்டி சோப்பு போட்டால் நுரை வராது. வாளி விளிம்பில் திரிந்த பால் போல வெள்ளையாக ஒட்டும். தண்ணீரில் இருக்கும் கால்சியம், மெக்னீசியம் அயனிகள் சோப்போடு சேர்ந்து உண்டாக்கும் ஸ்கம் அது. அதே தண்ணீரில் சலவைத்தூள் நுரைக்கிறது, ஏனென்றால் அதன் கால்சியம் உப்பு அப்படி வீழ்படிவாவதில்லை. "இந்தத் தண்ணிக்கு எந்த சோப்பும் ஆகாதுடா" என்று பாட்டி சொன்னதில் பாதி விடை இருக்கிறது.

மற்றவை சட்டென்று:

- எத்தனால் (ஆல்கஹால்) தயாரிப்பில் முதலில் இன்வர்டேஸ் என்ற நொதி சுக்ரோஸை (சர்க்கரையை) உடைக்கும். அதை எத்தனாலாக மாற்றும் சைமேஸ் நொதி அதற்குப் பிறகுதான். மாற்றினால் மதிப்பெண் போச்சு.
- ரெக்டிஃபைடு ஸ்பிரிட் 95.5% எத்தனால், மீதி தண்ணீர்.
- படிவரிசையில் (ஒரே வகைச் சேர்மங்களின் வரிசை) அடுத்தடுத்த சேர்மங்களுக்கு வித்தியாசம் ஒரு சிஎச்2, அதாவது ஒரு கார்பன், இரண்டு ஹைட்ரஜன். ஒரு மதிப்பெண் வினாவுக்கு இது போதும்.
- மிசெல் (அழுக்கைச் சுற்றி சோப்பு மூலக்கூறுகள் சேரும் உருண்டை) படத்தில் மூலக்கூறுகளின் வால்கள் அழுக்கு இருக்கும் உள்பக்கம், தலைகள் தண்ணீர்ப் பக்கம். நான் ஒருமுறை தலைகீழாக வரைந்து சிரிப்பு வாங்கினேன்.

நான் சத்தம் போட்டு மனப்பாடம் செய்கிற ஆள் இல்லை, எழுதினால்தான் ஏறும். உங்களுக்கு வேறு மாதிரி இருக்கலாம். இயற்பியலைப் பற்றி மட்டும் என்னிடம் கேட்காதீர்கள். மீதி 7 அங்கேதான் போயிருக்க வேண்டும்.