நன்முல்லை என்று பெயரிட்டோம்

குழந்தைக்குத் தமிழ்ப் பெயர் வைக்க வேண்டும் என்ற ஆசை இப்போது பல வீடுகளில் இருக்கிறது. எது தமிழ்ப் பெயர், அதன் பொருள் என்ன, அது எங்கிருந்து வந்தது என்று கேட்கத் தொடங்கினால்தான் சிக்கல். எங்கள் மகளுக்குப் பெயர் தேடியதிலிருந்து அது பிறப்புச் சான்றிதழில் பிழையில்லாமல் ஏறியது வரை நடந்ததை எழுதுகிறேன். இதே வேலையில் இறங்கியிருப்பவர்களுக்குக் கொஞ்சமாவது உதவும்.

முதலில் எல்லோரையும் போல இணையத்தில் கிடைக்கும் பெயர்ப் பட்டியல்களைப் பார்த்தோம். பாதிப் பெயர்களுக்கு ‘அழகானவள்’ என்றும் மீதிக்கு ‘அறிவானவள்’ என்றும் போட்டிருந்தார்கள். அவற்றை மூடிவைத்துவிட்டுச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியை எடுத்துக்கொண்டேன். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த அகராதி அது. சிகாகோ பல்கலைக்கழகத்தின் இணையதளத்தில் யார் வேண்டுமானாலும் தேடிப் பார்க்கலாம். ஒரு சொல் வேறு மொழியிலிருந்து வந்திருந்தால் அதன் மூலத்தையும் அதில் குறித்திருப்பார்கள். பர்ரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியும் அதே தளத்தில் இருக்கிறது. ஒரு சொல்லுக்கு மலையாளத்திலும் கன்னடத்திலும் தெலுங்கிலும் உள்ள உறவுச் சொற்களை அதில் வரிசையாகக் காணலாம். இவை இரண்டும் கையில் இருந்தால் பெயர்ப் பட்டியல்களே தேவையில்லை.

என் மனைவிக்குப் பிடித்திருந்த பெயர் ஆதிரை. மணிமேகலையின் அமுதசுரபியில் முதலில் சோறிட்டவள் ஆதிரை. அந்த ஒரு காரணமே போதும் என்பது அவள் கட்சி. சொல்லின் வேரைத் தேடினால் அது ஆர்த்ரா என்ற நட்சத்திரப் பெயரில் போய் நிற்கிறது. வடமொழியில் அந்தச் சொல்லுக்கு ஈரமானது என்று பொருள். தமிழ் தன் ஓசைக்கு ஏற்ப ஆக்கிக்கொண்டு நூற்றாண்டுகளாகப் பேணிவந்த பெயர் அது. வேர் வெளியே இருப்பதால் அதன் அழகு குறைந்துவிடாது. தூய தமிழ்ப் பெயர் என்ற தலைப்பின் கீழ் அதைப் போட்டுப் பெற்றோரை நம்பவைப்பதைத்தான் நான் ஏற்கமாட்டேன்.

மதி இன்னும் நுட்பமானது. நிலவைக் குறிக்கும் மதி வேறு, அறிவைக் குறிக்கும் மதி வேறு. பேரகராதி இரண்டையும் தனித்தனிச் சொற்களாகவே தருகிறது. இளமதி என்று வைத்தால் இளம்பிறையா, இளைய அறிவா என்பதைப் பெற்றோர்தான் சொல்ல வேண்டும்.

என் அம்மாவுக்கு வேறொரு எதிர்பார்ப்பு இருந்தது. தாத்தா பாட்டியின் பெயரைத் தாங்குகிறவர்கள் என்பதால்தானே பெயரன், பெயர்த்தி என்கிறோம். அவைதான் பேச்சில் பேரன், பேத்தி ஆயின. அதனால் என் அப்பாவைப் பெற்ற பாட்டியின் பெயரான மீனாட்சியைக் குழந்தைக்கு வைக்க வேண்டும் என்றார். மீனாட்சி என்றால் மீன் போன்ற கண்களை உடையவள். மதுரையில் அதே அம்மனுக்கு அங்கயற்கண்ணி என்ற தமிழ்ப் பெயரும் உண்டு: அம், கயல், கண்ணி. தனித்தமிழ் அறிஞர் மறைமலை அடிகள் வேதாசலம் என்ற தம் பெயரை மறைமலை என்று மாற்றிக்கொண்டதைப் போன்ற நேர் மாற்று. அம்மாவிடம் சொன்னேன். “பெயர் நன்றாகத்தான் இருக்கிறது. தெருவில் விளையாடுகிற பிள்ளையை அவசரத்துக்கு எப்படிக் கூப்பிடுவாய்?” என்றார். அவர் கேட்டது நியாயமான கேள்வி. வாசலில் நின்று இரண்டு முறை உரக்கக் கூப்பிட்டுப் பார்க்காமல் எந்தப் பெயரையும் முடிவு செய்யாதீர்கள்.

அதன் பிறகுதான் சங்கப் புலவர்களின் பெயர்களுக்குப் போனேன். வையாபுரிப் பிள்ளை பதிப்பித்து, சைவ சித்தாந்த மகா சமாஜம் 1940இல் வெளியிட்ட சங்க இலக்கியப் பதிப்பில் பாடல்கள் புலவர் வாரியாகத் தொகுக்கப்பட்டிருக்கின்றன. பேரகராதியின் பதிப்பாசிரியரும் அவரேதான். வெள்ளிவீதி, நச்செள்ளை, நக்கண்ணை, மாசாத்தி, இளவெயினி, நன்னாகை, நன்முல்லை என்று பெண்களின் பெயர்கள் வரிசையாக வந்தபோது எனக்குப் படிப்பதை நிறுத்த மனம் வரவில்லை. நல் என்பதும் ந என்பதும் இவற்றில் திரும்பத் திரும்ப முன்னால் நிற்கின்றன. நக்கீரன் என்பது ந, கீரன். நச்செள்ளை என்பது ந, செள்ளை. மனிதர் ஒருவரை அழைக்கும்போதே நல்ல என்ற சொல்லையும் சேர்த்துச் சொன்ன காலம் அது என்பது எனக்குப் பெரிய மகிழ்ச்சியாக இருந்தது.

அள்ளூர் நன்முல்லையாரின் பாடல்கள் குறுந்தொகையில் பல உண்டு. அகநானூற்றிலும் புறநானூற்றிலும்கூட உண்டு. சேவல் கூவி விடியலை அறிவிக்க, காதலனைப் பிரியும் நேரம் வந்துவிட்டதே என்று தலைவி நெஞ்சம் துணுக்குறும் பாட்டு அவருடையது. சின்னஞ்சிறு பாட்டு, ஒருமுறை படித்தால் மறக்காது. நல், முல்லை, லகரம் மகரத்துக்கு முன் னகரமாகி நன்முல்லை. வீட்டில் கூப்பிட முல்லை. அம்மா இரண்டு முறை சொல்லிப் பார்த்துத் தலையசைத்தார்.

நட்சத்திர எழுத்து ஒன்று பாக்கி இருந்தது. குழந்தை பிறந்தது அஸ்தத்தில். அதற்குரிய எழுத்துகளை பூ, ஷ, ண, ட என்பார்கள். ணகரமும் டகரமும் தமிழில் சொல்லுக்கு முதலில் வராது. தொல்காப்பியம் படித்தவர்களுக்குத் தெரியும். எங்கள் வீட்டுப் பஞ்சாங்கத்தில் ணகரம் இருந்த இடத்தில் நகரமே அச்சிடப்பட்டிருந்ததால் மாமனாருக்கும் நிறைவு. நன்முல்லை உறுதியாயிற்று.

அடுத்தது முன்னெழுத்து. தந்தை பெயரின் முதல் எழுத்தை மட்டும் போடுவது பிற்கால வழக்கம். தந்தை பெயரை முன்னே சேர்ப்பதோ மிகப் பழையது. கொற்றன் மகன் கொற்றன் என்பதைக் கொற்றங்கொற்றன் என்று எப்படிச் சேர்த்துச் சொல்வது என்பதற்குத் தொல்காப்பியத்தில் விதியே இருக்கிறது. இதற்கு எதிர்ப்பக்கமும் உண்டு. ஆதன் தந்தை என்பது ஆந்தை ஆகும், பூதன் தந்தை என்பது பூந்தை ஆகும் என்று அதே நூல் சொல்கிறது. கோப்பெருஞ்சோழனின் நண்பர் பிசிராந்தையாரின் பெயரைக் கேட்டதும் பறவைதான் பலருக்கு நினைவு வரும். அவர் பிசிர் என்ற ஊரைச் சேர்ந்த ஆதன் தந்தை. பிள்ளையின் பெயரால் அறியப்பட்ட அப்பா. கையில் குழந்தையை வைத்துக்கொண்டு இதைப் படித்த இரவில் எனக்குத் தூக்கம் வரவில்லை.

சான்றிதழில் முன்னெழுத்து வேண்டாம் என்று முடிவு செய்தோம். பெற்றோர் பெயருக்குத் தனிக் கட்டங்கள் இருக்கின்றன. பாஸ்போர்ட் எடுக்கும்போதும் ஒற்றை எழுத்தை விரித்துத்தான் எழுத வேண்டும்.

பிறப்பை 21 நாட்களுக்குள் பதிய வேண்டும். மருத்துவமனையில் பிறந்தால் அவர்களே தகவல் அனுப்பிவிடுவார்கள். பெயரை அப்போதே சொல்ல வேண்டும் என்ற கட்டாயமில்லை. 12 மாதங்கள் வரை கட்டணமின்றிச் சேர்க்கலாம், அதற்குப் பிறகு 15 ஆண்டுகள் வரை தாமதக் கட்டணத்துடன் சேர்க்கலாம். அதனால் யாராவது அவசரப்படுத்தினால் நிதானமாக இருங்கள். 2023 அக்டோபர் 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கையிலிருந்து ஓட்டுநர் உரிமம் வரை பிறப்புச் சான்றிதழே அடிப்படை ஆவணம் என்று சட்டம் திருத்தப்பட்டுவிட்டது. ஓர் எழுத்துப் பிழையும் இனி எல்லா இடத்துக்கும் கூடவே வரும்.

எங்களுக்கு அப்படி ஒரு பிழைதான் வந்தது. அச்சிட்ட தாளில் ஆங்கிலப் பெயர் சரியாக இருந்தது. தமிழ்க் கட்டத்தில் ‘நன்முள்ளை’ என்று இருந்தது. மலர் போய் முள் வந்துவிட்டது! ஆங்கிலத்தில் லகரத்துக்கும் ளகரத்துக்கும் ஒரே எழுத்து. அலுவலகத்தில் ஆங்கிலப் பெயரைப் பார்த்துத் தமிழில் தட்டியிருக்கிறார்கள். “ஒரே பெயர்தானே, பரவாயில்லை” என்றார் அங்கிருந்தவர். பரவாயில்லை என்று என்னால் விட முடியவில்லை. எழுத்துப் பிழையைத் திருத்தப் பதிவாளருக்குச் சட்டத்திலேயே அதிகாரம் உண்டு. பெற்றோர் இருவரும் கையெழுத்திட்ட கடிதம், நாங்கள் முதலில் கொடுத்த விண்ணப்பத்தின் நகல், அடையாள அட்டைகள் ஆகியவற்றைக் கொடுத்தோம். அந்த நகல்தான் காப்பாற்றியது, ஏனென்றால் அதில் பெயர் தமிழில் தெளிவாக இருந்தது. சில முறை நடந்த பிறகு திருத்திய சான்றிதழ் கிடைத்தது.

ல, ள, ழ, ர, ற, ந, ன, ண வரும் பெயராக இருந்தால் விண்ணப்பத்தில் தமிழ்ப் பெயரைப் பெரிதாக, எழுத்தெழுத்தாக எழுதுங்கள். ‘இது தந்நகரம்’, ‘இது முல்லைப்பூவின் ல’ என்று வாயாலும் சொல்லுங்கள். கொடுப்பதற்கு முன் நகல் எடுத்து வையுங்கள். பதிவை முடிப்பதற்கு முன் திரையில் தமிழ்க் கட்டத்தைக் காட்டச் சொல்லிக் கேளுங்கள், கேட்டால் காட்டுகிறார்கள். ஆதார் எடுக்கும்போதும் இதே கட்டம் வரும். அங்கேயும் தமிழ்ப் பெயரைப் படித்துப் பார்த்த பிறகே ஒப்புதல் கொடுங்கள்.