நாலாம் நம்பர் லயம் வரைக்கும்

இலங்கை மலையகத்தில், ஹட்டனில் ஒரு கொமினிகேஷன் கடையில் எனக்கு வேலை. போட்டோகொப்பி, டைப்பிங், போன் கார்ட். பாதி நாள் மனு அடிப்பதிலேயே போய்விடும். தேயிலைத் தோட்டத்து ஆட்கள் சொல்லச் சொல்ல, ‘மேற்படி விடயம் தொடர்பாக’ என்று ஆரம்பித்துக் கை தானாக அடித்துக்கொண்டு போகும். அடித்துக் கொடுத்த மனு அப்புறம் என்ன ஆகும் என்று நான் கேட்டதே இல்லை. 2022 ஆகஸ்டில் எங்கள் லயத்துக்கு, அதாவது தோட்டத்து வரிசை வீடுகளுக்கு, ஏறும் பாதைக்காக நானே ஒன்றைத் தூக்கிக்கொண்டு அலைந்தபோதுதான் தெரிந்தது.

மெயின் ரோட்டிலிருந்து எங்கள் லயத்துக்கு அப்போது ஏறியது ஒரு மண் பாதை. மழை பெய்தால் ஆட்டோ வராது. சர்க்கரை வியாதிக்கார அப்பாயியை மாதம் ஒரு முறை கிளினிக்குக் கொண்டுபோக, பிளாஸ்டிக் கதிரையில் உட்காரவைத்து நாலு பேர் தூக்கி இறக்குவோம். “மெதுவாடா, என்னைய இப்பவே கொண்டு போறீங்களா” என்று அவள் வழி நெடுகத் திட்டிக்கொண்டு வருவாள்.

முதல் சிக்கல், மனுவை யார் பெயரில் எழுதுவது என்பது. எங்கள் டிவிசனில், அதாவது தோட்டப் பிரிவில், இரண்டு யூனியன். ஒரு தலைவர் பெயர் மேலே இருந்தால் மற்ற யூனியன்காரர்கள் கையெழுத்து வைக்க மாட்டார்கள். ஒரு தலைவரிடம் பேசிப் பார்த்தேன். “நம்ம ஆபிஸ் மூலமா போகட்டும் தம்பி, மேல பேசிக்கிறேன்” என்றார். நாலு மாதம் போனது. அவர் எந்த மேலே பேசினார் என்று இன்றுவரை தெரியாது.

அப்போதுதான் மரணாதாரச் சங்கம் ஞாபகத்துக்கு வந்தது. யாருக்கு எந்த யூனியனில் சந்தா வெட்டினாலும், சாவுக்குப் பந்தலும் கதிரையும் தருகிற இந்தச் சங்கத்தில் எல்லா வீடும் இருக்கிறது. பதிவு இலக்கமும் ரப்பர் முத்திரையும் கூட உண்டு. அதன் கடிதத்தலைப்பில் மனு அடித்தேன். இரண்டே சாயங்காலத்தில் எல்லா வீட்டுக் கையெழுத்தும் விழுந்தது, இரண்டு தலைவர்களுடையதும் சேர்த்து. சாவுச் சங்கத்துக் கடிதத்தில் கையெழுத்துப் போடாமல் யார் இருப்பார்கள்?

பிரதேச சபை மெம்பர் நல்ல மனுஷன். மனுவை வாங்கினார், செய்யலாம் என்றார். ஆனால் சபை ஆபிஸில், “தோட்டத்துக்குள்ள நாங்க கை வைக்க ஏலாது” என்று பழைய பாட்டையே பாடினார்கள். 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டத்தில் இருக்கும் 33ஆம் பிரிவைக் காட்டித்தான் பல வருஷமாகத் தோட்டங்களுக்குச் சபைப் பணம் வராமல் நின்றது. வோட்டு மட்டும் எங்களிடம் வாங்குவார்கள். 2018இல் அந்தச் சட்டத்தைத் திருத்திவிட்டார்கள். அதைப் பிரிண்ட் எடுத்துக்கொண்டு போய்க் காட்டினேன். அங்கிருந்தவர் படித்துப் பார்த்துவிட்டு, “சரி, அப்ப தோட்ட நிர்வாகத்துக்கிட்ட ஆட்சேபனை இல்லைன்னு ஒரு கடிதம் கொண்டு வாங்க” என்றார்.

இதில் அவரைக் குறை சொல்லவும் முடியாது. 1992இல் தோட்டங்களைக் கம்பனிகள் கையில் கொடுத்தார்கள். நிலம் அரசாங்கத்துடையது, குத்தகை கம்பனிக்கு. நடக்கிறவர்கள் மட்டும்தான் நாங்கள்.

தோட்டத்து ஆபிஸுக்குப் போனேன். ஜன்னலுக்கு உள்ளே இருந்த கிளாக்கர் தலையைத் தூக்காமல் கேட்டார்: “உனக்கு இங்க பேர் இருக்கா?”

என் பெயரைக் கேட்கவில்லை அவர். செக்ரோலில், அதாவது தோட்டத்து வேலையாட்கள் பதிவேட்டில், பேர் இருக்கிறதா என்று கேட்டார். நான் பிறந்தது அந்த லயத்தில்தான். வோட்டர் லிஸ்டில் என் முகவரியும் அதுதான். ஆனால் நான் கொழுந்து எடுக்கவில்லை, மலையில் வேலை செய்யவில்லை, அதனால் அந்த ஜன்னலுக்கு நான் யாருமில்லை. “பேர் உள்ள ஆளைக் கூட்டிட்டு வா.”

அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனேன். அப்போது ஒரு பேருக்கு, அதாவது ஒரு முழு நாள் வேலைக்கு, 1,000 ரூபாய். அன்றைக்கு அவளுக்கு அரைப் பேர்தான் விழுந்தது. தொரை, அதாவது தோட்டத்து மேனேஜர், வெளியே வரும் வரை, ஒரு மணி நேரம் இருக்கும், கொழுந்துப் பையைக் காலடியில் வைத்துக்கொண்டு தூணோரமாக நின்றாள். நான் சட்டைப்பையில் திருத்தச் சட்டத்தை மடித்து வைத்திருந்தேன், என்னென்ன பேச வேண்டும் என்று மனப்பாடம் வேறு. தொரை வந்ததும் நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா சொன்னாள்: “தொரை, கொழுந்து மூட்டையும் அந்தப் பாதையிலதானே நிறுக்கிற மடுவத்துக்கு எறங்குது. போன மாசம் ரெண்டு பேரு வழுக்கி விழுந்து கொழுந்தெல்லாம் சேறாப் போச்சு.”

தொரை ஒரு நிமிஷம் யோசித்தார். கிளாக்கரைக் கூப்பிட்டு இங்கிலீஷில் ஏதோ சொன்னார். ஒரு வாரத்தில் கடிதம் கிடைத்தது, மூன்றே வரி. என் மடித்த காகிதம் மடித்தபடியே வீடு வந்து சேர்ந்தது. அப்பாயியின் கதிரையைச் சொல்லியிருந்தால் கிடைத்திருக்குமா என்று அம்மாவிடம் கேட்டேன். “அவங்களுக்கு என்ன வேணுமோ அதத்தானே சொல்லணும்” என்றாள்.

கடிதத்தைக் கொடுத்த கொஞ்ச நாளில், 2023 மார்ச்சில், நாடு முழுக்கச் சபைகளின் காலம் முடிந்தது. தேர்தலும் தள்ளிப்போனது. மெம்பர் இனி மெம்பர் இல்லை, செயலாளர்தான் எல்லாம். போய்க் கேட்டால் பைல் தேடிக்கொண்டிருக்கிறோம் என்றார்கள். மூன்றாம் முறையும் அதே பதில் வந்தபோது தகவல் அறியும் விண்ணப்பம் ஒன்று எழுதிக் கொடுத்தேன். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் அது. தமிழில் எழுதலாம், எதற்குக் கேட்கிறாய் என்று யாரும் கேட்கக் கூடாது. 14 வேலை நாளுக்குள் தருகிறோமா இல்லையா என்று சொல்லியாக வேண்டும். நான் பாதை வேண்டும் என்று அதில் எழுதவில்லை. எங்கள் கடிதம் எந்தத் தேதியில் கிடைத்தது, இப்போது எந்த அதிகாரியிடம் இருக்கிறது, இந்த இரண்டு கேள்விதான். பத்தாம் நாள் போன் வந்தது. பைல் கிடைத்துவிட்டதாம், தொழில்நுட்ப உத்தியோகத்தர் அளக்க வருகிறாராம். கடையில் மனு அடிக்க வருகிறவர்களுக்கு இப்போது இதைத்தான் முதலில் சொல்கிறேன்: கெஞ்சி நாலு பக்கம் எழுதுவதைவிடத் தேதியைக் கேட்டு இரண்டு வரி எழுதுங்கள். கொடுக்கிற எதற்கும் கொப்பியில் முத்திரை வாங்காமல் திரும்பாதீர்கள்.

சின்ன வேலை என்பதால் சங்கத்துக்கே ஒப்பந்தம் கொடுத்தார்கள். அதற்கப்புறம் வங்கிக் கணக்கு, மூன்று பேர் கையெழுத்து, மணல் விலை என்று ஓடியது, அதை விடுங்கள். 2024 பெப்ரவரி வெயிலில் கொங்ரீட் போட்டோம். இரண்டு யூனியன்காரர்களும் மணல் சுமந்தார்கள். முதல் தேங்காய் யார் உடைப்பது என்று மட்டும் சண்டை வந்தது. கடைசியில் சங்கத்தின் பொருளாளர் அக்கா உடைத்தார்.

கொங்ரீட் நாலாம் நம்பர் லயத்து முனையோடு நின்றது. தொரை கொடுத்த கடிதத்தில் அப்படித்தான் இருந்தது: மெயின் ரோட்டிலிருந்து நாலாம் நம்பர் லயம் வரை. கொழுந்து மூட்டை பாதைக்கு வந்து சேருகிற இடமும் அதுதான். அளந்தவர் கடிதத்தைப் பார்த்து அளந்தார். ஊருக்கெல்லாம் பிழை திருத்திக் கொடுக்கிறவன் நான், கடிதம் கிடைத்த சந்தோஷத்தில் அந்த ஒரு இலக்கத்தைக் கவனிக்கவில்லை. எங்கள் வீடு அஞ்சாம் நம்பர் லயத்தில்.

இப்போது ஆட்டோ நாலாம் நம்பர் முனை வரை வருகிறது. அங்கிருந்து மேலே ஒரு முப்பது எட்டு எடுத்து வைக்க வேண்டும். கிளினிக் நாளில் அந்த முப்பது எட்டுக்கு அப்பாயியைக் கதிரையில் தூக்குகிறோம், தூக்க இரண்டு பேர் போதும். போன மாதம் புதுக் கடிதம் ஒன்று கொடுத்திருக்கிறேன், அதே சங்கத்துத் தலைப்பில். தோட்டத்து ஆபிஸ் ஜன்னலுக்கு அம்மா தனியாகத்தான் போனாள், என்னை வர வேண்டாம் என்றுவிட்டாள்.