எங்கள் மரவீட்டுக்கு மூலப்பத்திரம் தேடிய கதை

இண்டியானா மாநிலத்துக் கொலம்பஸுக்கு வருகிறவர்கள் பெரும்பாலும் இரண்டு குடும்ப வீடுகளைக் கேட்டுத் தேடிப் போவார்கள். ஒன்று ஐந்தாம் தெருவில் இருக்கும் இர்வின் மாளிகை. ஜோசப் இர்வின் 1864இல் கட்டியது; 1910இல் குடும்பமே அதைப் பெரிதாக்கி, பக்கத்தில் பழைய ரோமானிய நகரமான பொம்பேயின் தோட்டங்களைப் பார்த்து ஒரு தோட்டமும் போட்டது. இன்னொன்று அவருடைய கொள்ளுப்பேரன் ஜே. இர்வின் மில்லருக்காகக் கட்டடக் கலைஞர் ஏரோ சாரினன் வரைந்து 1957இல் முடிந்த வீடு. தட்டைக் கூரை, வெள்ளைத் தூண்கள், நடுக்கூடத்தில் இறங்கி உட்கார்ந்து பேசத் தரையிலேயே ஒரு சதுரப் பள்ளம். இப்போது அது இண்டியானாபொலிஸ் கலை அருங்காட்சியகத்தின் பொறுப்பில் இருக்கிறது.

சுமார் 50,000 பேர் வாழும் இந்த ஊரில் இவ்வளவு இந்தியர்கள் இருப்பதற்கும் அந்த மாளிகைக்கும் சம்பந்தம் உண்டு. ஜோசப்பின் மகன் வில்லியம் இர்வின், தன் கார் டிரைவர் கிளெஸி கம்மின்ஸின் டீசல் எஞ்சின் கனவுக்குப் பணம் போட்டார். 1919இல் அப்படித் தொடங்கிய கம்பெனிதான் எங்களில் பாதிப் பேருக்குச் சம்பளம் கொடுக்கிறது.

இந்தக் குடும்பங்களைப் பற்றி யாரும் சிரமப்பட்டுத் தேட வேண்டியதில்லை. நான் வாங்கியது சில தெருக்கள் தள்ளி, முன்னால் வளைந்த திண்ணை வைத்த ஒன்றரை மாடி மரவீடு. அதைப் பற்றிக் கையில் இருந்தது ஒரே தகவல்: வரி அலுவலக அட்டையில் 'கட்டிய ஆண்டு 1900'. அக்கம்பக்கத்துப் பழைய வீடுகளின் அட்டைகளையும் பார்த்தேன். முக்கால்வாசி 1900. ஆண்டு தெரியாத பழைய வீட்டுக்கெல்லாம் யாரோ போட்டு வைத்த எண் அது.

வீடு வாங்கும்போது நம் ஊர் மாதிரி மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று என்று கட்டாக எதையும் தரமாட்டார்கள். நில உரிமையைச் சரிபார்க்கும் டைட்டில் கம்பெனி தானே எல்லாவற்றையும் பார்த்துவிட்டு ஓர் இன்ஷூரன்ஸ் பாலிசி தரும். பின்னால் யாராவது உரிமை கோரி வந்தால் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம் என்பது அதன் சாரம். அந்தக் காலத்தில் நிலத்தின் ஒவ்வொரு கைமாற்றத்தையும் சுருக்கித் தட்டச்சு செய்த ஒரு கட்டு வீட்டோடு கூடவே வருமாம். எங்களுக்கு விற்றவரிடம் அது இல்லை. அம்மாவுக்கு வேறு கவலை. "ஏங் கண்ணு, நூறு வருசத்து வீடுங்கறே. அதுல எத்தனை சாவு விழுந்துச்சோ, ஒரு வார்த்தை கேட்டுட்டு வாங்கக் கூடாதா?" என்றார் போனில். நியாயமான கேள்விதான். அதையும் சேர்த்தே தேடத் தொடங்கினேன்.

முதல் பாடம்: பழைய பத்திரத்தில் கதவு எண்ணும் இருக்காது, தெருப் பெயரும் இருக்காது. இன்னார் மனைப்பிரிவில் இத்தனையாம் மனை என்றுதான் இருக்கும். அந்த ஒரு வரி என் கிரயப் பத்திரத்தில் இருந்தது. நம் சர்வே நம்பர் மாதிரி அதுதான் சாவி. அதை எடுத்துக்கொண்டு கவுண்டி (நம் மாவட்டம் மாதிரி) பத்திரப் பதிவு அலுவலகத்துக்குப் போனேன். சமீபத்திய பதிவுகள் கணினியில் கிடைத்தன. அதற்கு முன்னால் போக வேண்டுமென்றால் தடித்த புத்தகங்கள்தான். விற்றவர் பெயர் வரிசையில் ஒரு புத்தகம், வாங்கியவர் பெயர் வரிசையில் இன்னொன்று. எனக்கு விற்றவரை வாங்கியவர் புத்தகத்தில் தேடினால் அவருக்கு விற்றவர் கிடைப்பார். அப்புறம் அவரைத் தேட வேண்டும். இப்படியே பின்னால் நடக்க வேண்டியதுதான். வேண்டிய பக்கத்துக்கு ஒரு டாலர் கொடுத்தால் நகல்.

சங்கிலி அறுந்த இடங்களில் சாவு இருந்தது. வாங்கியவர் பெயர் இருக்கிறது, ஆனால் அவர் யாருக்கும் விற்கவில்லை. திடீரென்று வேறு நாலு பேர் சேர்ந்து விற்கிறார்கள். பிள்ளைகள். அங்கே பத்திர அலுவலகத்தை விட்டுவிட்டு நீதிமன்ற கிளார்க் அலுவலகத்துக்குப் போய் உயில், வாரிசுக் கோப்பு என்று கேட்க வேண்டும். ஒரு கோப்பில் வீட்டுச் சாமான்களின் மதிப்பீடு வரைக்கும் இருந்தது: ஒரு சமையல் அடுப்பு, ஒரு தையல் மெஷின், கோழிகள்.

விலை தெரியும் என்று நினைத்து எந்தப் பத்திரத்தையும் திறக்க வேண்டாம். இருபதாம் நூற்றாண்டுப் பத்திரங்களில் பெரும்பாலும் 'ஒரு டாலருக்கும் இதர மதிப்புள்ள பிரதிபலனுக்கும்' என்று எழுதி முடித்துவிடுகிறார்கள். உண்மை பேசுவது அடமானப் பதிவேடுதான். மனை வாங்கிய வருடம் கடன் ஏதும் இல்லை. இரண்டாம் வருடம், மனை விலையைப் போலப் பல மடங்குக்கு ஒரு அடமானம். மனை வாங்க வேண்டாத கடன் வேறு எதற்கு? மரத்துக்கும் ஆணிக்கும் தச்சுக் கூலிக்கும்தான். கடன் கொடுத்தது இர்வின் வங்கி.

அந்தப் பக்கத்தில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். ஜோசப் இர்வின் துணிக்கடைக்காரர். கடையில் இரும்புப் பெட்டி இருந்ததால் ஊரார் பணத்தை அவரிடம் கொடுத்து வைக்க, அது 1871இல் வங்கியானது. மாளிகையைப் பார்த்தபோது அந்தக் குடும்பம் எங்கோ உயரத்தில் இருந்தது. இங்கே என் சமையலறைச் சுவருக்கு அவர்கள் கடன் கொடுத்திருக்கிறார்கள். பக்கத்தின் ஓரத்தில், குறுக்காக, வேறு மையில் 'முழுதும் செலுத்தப்பட்டது' என்று ஒரு குறிப்பு, ஒரு கையெழுத்து. அப்போதெல்லாம் கடன் தீர்ந்ததைத் தனிப் பத்திரமாக எழுதாமல் அடமானப் பக்கத்தின் ஓரத்திலேயே எழுதுவார்களாம்.

வீடு எப்போது எழுந்தது என்பதை உறுதி செய்ய அடுத்து சான்பார்ன் வரைபடங்கள். தீ விபத்துக் காப்பீட்டுக் கம்பெனிகளுக்காக அமெரிக்க ஊர்களைக் கட்டடம் கட்டடமாக வரைந்து வைத்தவை. அமெரிக்க நாடாளுமன்றத்தின் காங்கிரஸ் நூலகத்தின் இணையதளத்தில் இலவசமாகவே பார்க்கலாம். மஞ்சள் என்றால் மரம், இளஞ்சிவப்பு செங்கல், நீலம் கல். எந்த வீடு எவ்வளவு சீக்கிரம் எரியும் என்பதுதான் அவர்களுக்கு அக்கறை. வரலாறு நமக்குக் கிடைத்த இலவச இணைப்பு. ஒரு தாளில் எங்கள் மனை காலி. அடுத்து வந்த தாளில் ஒரு மஞ்சள் கட்டம், குடியிருப்பைக் குறிக்கும் 'டி' எழுத்து, ஒன்றரை மாடி, திண்ணைக்குப் புள்ளிக்கோடு. அந்த வளைவு இன்றைக்கும் அப்படியே இருக்கிறது. கொல்லையில் பெருக்கல் குறி போட்ட சின்னக் கட்டம் குதிரை லாயம். பின்னால் வந்த தாளில் அதே இடத்தில் கார் கொட்டகைக்கான 'ஏ'. இரண்டு தாள்களையும் அடமானத் தேதியையும் சேர்த்துப் பார்த்தால் வீடு 1890களின் நடுப்பகுதி. வரி அட்டையின் 1900 பொய்த்தது.

மனிதர்களைக் கண்டுபிடிக்க மக்கள்தொகைக் கணக்கு. 1890 கணக்கு கிட்டத்தட்ட முழுதும் போய்விட்டது. 1921இல் வாஷிங்டனில் ஏற்பட்ட தீயில் நாசமானது. அதனால் 1880இலிருந்து ஒரே தாவாக 1900க்குத் தாவ வேண்டும். ஆனால் 1900 கணக்கு அந்த இழப்புக்கு ஈடு கட்டும் அளவுக்கு நுணுக்கமானது. எங்கள் வீட்டு வரியில்: குடும்பத் தலைவர், தொழிற்சாலை போர்மேன். சொந்த வீடு, அடமானம் உண்டு. மனைவிக்கு எதிரே இரண்டு எண்கள். பெற்ற பிள்ளைகள் 7. உயிரோடு இருப்பவர்கள் 4. அம்மாவின் கேள்விக்குப் பதில் அந்த இரண்டு கட்டங்களில் இருந்தது. மூன்று பிள்ளைகளும் இந்த வீட்டில்தான் இறந்தார்களா, அதற்கு முன்பா என்று கணக்கெடுப்பு சொல்லாது. அம்மாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அந்தப் பொம்பளை எப்படித் தாங்கினாளோ" என்றார். வீட்டைப் பற்றி அப்புறம் குறை சொல்லவில்லை.

எந்தத் தொழிற்சாலை என்பதைக் கணக்கெடுப்பு சொல்லவில்லை. ஊர் டைரக்டரி சொன்னது. ஐ.எம். பெய் வடிவமைத்த நூலகத்துக்குப் போய்ப் பழைய டைரக்டரிகளைக் கேட்டேன். நூலகர் அம்மாள் நான் கேட்காத வருடங்களையும் சேர்த்து எடுத்து வைத்தார். பெயர், அடைப்புக்குறிக்குள் மனைவி பெயர், வேலை, முகவரி. எங்கள் போர்மேன் ரீவ்ஸ் புல்லி கம்பெனிக்காரர். 1911இல் எட்டுச் சக்கரக் கார் ஒன்றைச் செய்து ஓட்டிக் காட்டிய மில்டன் ரீவ்ஸின் குடும்பக் கம்பெனி அது. அந்தக் காரை வாங்க ஆள் இல்லை. அடுத்த வருடம் ஆறு சக்கரத்துக்கு இறங்கினார், அதுவும் ஓடவில்லை. எங்கள் போர்மேன் அதைத் திண்ணையிலிருந்து பார்த்துச் சிரித்தாரா, கும்பிட்டாரா என்று எந்த ஆவணத்திலும் இல்லை.

1930 கணக்கில் வீட்டின் மதிப்போடு ரேடியோ இருக்கிறதா என்றும் கேட்டிருக்கிறார்கள். எங்கள் வீட்டில் இருந்தது. அதற்குள் போர்மேன் போய், கடைசி மகள் குடும்பத்தலைவி ஆகியிருந்தார். ஒரு அறை வாடகைக்கு. 1950 கணக்கில் வேறு குடும்பம். 72 வருடம் கழித்துத்தான் கணக்கெடுப்பைத் திறப்பார்கள் என்பதால், 2022இல் வெளியான இதுதான் இப்போதைக்குக் கடைசி. 1960ஐப் பார்க்க 2032 வரை காத்திருக்க வேண்டும்.

தேடப் போகிறவர்களுக்கு ஒன்றிரண்டு சொல்லிவிடுகிறேன். பெயரின் எழுத்துக்கூட்டலை நம்பாதீர்கள். கணக்கெடுக்க வந்தவர் காதில் விழுந்ததை எழுதியிருப்பார். கதவு எண்ணையும் நம்பாதீர்கள், ஊர் வளர வளர மாற்றியிருப்பார்கள். சான்பார்ன் தாள்கள் சிலவற்றில் பழைய எண்ணும் புதிய எண்ணும் சேர்ந்தே இருக்கும். பத்திரத்தில் கணவன் பெயரோடு மனைவி பெயரும் இருக்கிறதா என்று கட்டாயம் பாருங்கள். வீட்டை விற்க மனைவியின் கையெழுத்தும் தேவைப்பட்டதால், வேறெங்கும் பெயரில்லாத பெண்கள் பலர் அங்கேதான் கிடைக்கிறார்கள்.

சேர்த்ததை எல்லாம் தட்டச்சு செய்து ஒரு பிரதியை வீட்டு பாலிசியோடு வைத்திருக்கிறேன், விற்கும்போது கூடவே போகட்டும் என்று. எதிர்வீட்டுக்காரர் இப்போது தன் வீட்டுக்கும் பார்த்துத் தரச் சொல்கிறார். செங்கல் வீடு, வரைபடத்தில் இளஞ்சிவப்பு. சிக்கல் என்னவென்றால் அது பக்கத்து மனையிலும் கொஞ்சம் ஏறி நிற்கிறது. ஆக அவருக்கு இரண்டு சங்கிலி.