"எதையோ எடுத்து மாட்டிக்கொண்டு வருவேன்"

"எனக்கு இந்த ஃபேஷன் எல்லாம் தெரியாதுங்க, கைக்குக் கிடைத்ததை எடுத்து மாட்டிக்கொண்டு வருவேன்" என்று சொல்லும் ஆண்களைக் கொஞ்சம் கவனித்துப் பாருங்கள். அந்தக் கைக்குக் கிடைத்தது எப்போதும் ஒரு நீலச் சட்டையாகவோ சாம்பல் சட்டையாகவோதான் இருக்கும். நிஜமாகவே கண்ணை மூடிக்கொண்டு எடுக்கிறார் என்றால், ஒரு நாளாவது பூப்போட்ட ஊதாச் சட்டை கையில் சிக்கியிருக்க வேண்டாமா? சிக்காது. கடையில் பார்த்தபோதே "சேச்சே, இது நமக்கு இல்லை" என்று ஒதுக்கியாகிவிட்டது. நானும் அந்த நீலச் சட்டைக் கோஷ்டிதான், அதனால் தைரியமாகச் சொல்கிறேன்: அக்கறையே இல்லாதது போலத் தெரியும் இந்த உடைதான் ஃபேஷன்களிலேயே ரொம்பவும் மெனக்கெட்டு உருவானது.

ஆண்கள் எப்போதும் இப்படி மங்கலாகத் திரிந்தவர்கள் இல்லை. பிரான்சின் பதினான்காம் லூயி சிவப்புக் குதிகால் வைத்த உயரமான காலணி போட்டார், அரசவைப் பிரபுக்களும் அதையே போட்டார்கள். பட்டுக் காலுறை, லேஸ், தோளில் புரளும் பொய்முடி என்று எதிலும் கூச்சம் கிடையாது. 18ஆம் நூற்றாண்டின் கடைசியில்தான் இதெல்லாம் உதிர ஆரம்பித்தது. பிரெஞ்சுப் புரட்சிக்குப் பிறகு பட்டு உடுத்தித் தெருவில் இறங்குவது, நான் பிரபு என்று அறிவித்துக்கொண்டு போவது மாதிரி ஆகிவிட்டது, அன்றைக்கு அது உயிருக்கே ஆபத்து. பிரிட்டனில் வேறு காரணம், 1795இல் தலைமுடிக்குப் பூசும் பவுடருக்கு வருடத்துக்கு ஒரு கினி (அன்றைய தங்க நாணயம்) வரி போட்டார்கள், ஏகப்பட்ட பேர் பவுடரையே விட்டுவிட்டார்கள். குதிரையேறித் தோட்டம் துரவு சுற்றிய ஆங்கில நிலக்கிழாரின் கம்பளிக் கோட்டு மெல்ல நகரத்துக்கு வந்து சேர்ந்தது. ஃப்ளூகெல் என்ற உளவியலாளர் 1930இல் இந்த மாற்றத்துக்கு 'ஆண்களின் மாபெரும் துறவு' என்று பெயர் வைத்தார்.

துறவிகளின் தலைவர் என்று யாரையாவது சொல்வதானால் ஜார்ஜ் பிரம்மலைத்தான் சொல்ல வேண்டும். 1778இல் பிறந்தவர். பிரபு வம்சம் இல்லை, ஆனால் பின்னாளில் நான்காம் ஜார்ஜ் ஆன பிரிட்டிஷ் இளவரசரே இவரைப் பார்த்து உடுத்தினார். போட்டது என்னவோ ஒரு கருநீலக் கோட்டு, வெளிர் கால்சட்டை, கழுத்தில் வெள்ளைத் துணி, அவ்வளவுதான். அந்தக் கழுத்துத் துணிக்காக அவர் பட்ட பாட்டைக் கேளுங்கள். லேசாகக் கஞ்சி போட்ட மஸ்லினைக் கழுத்தைச் சுற்றிக் கட்டி, முகத்தை அண்ணாந்து வைத்துக்கொண்டு, தாடையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே இறக்க வேண்டும், அந்த அழுத்தத்தில்தான் மடிப்பு விழும். ஒரு மடிப்பு கோணினால் சரிசெய்யும் பேச்சே இல்லை, கழற்றிப் போட்டுவிட்டு வேறு துணி. ஒரு நாள் காலை அவருடைய வேலையாள் கசங்கிய துணிகளைக் கை நிறைய அள்ளிக்கொண்டு இறங்கி வந்தபோது, இதெல்லாம் என்ன என்று யாரோ கேட்க, "எங்கள் தோல்விகள்" என்றாராம். இத்தனையும், தெருவில் யாரும் திரும்பிப் பார்க்கக் கூடாது என்பதற்காக!

தையலும் அப்படித்தான். சட்டை முழுக்கப் பூவேலை இருந்தால் தையல் கோணல் அதற்குள் மறைந்துவிடும். வெறும் கருநீலத் துணியில் தோள் அரை விரற்கடை இறங்கினாலும் பளிச்சென்று தெரியும். கம்பளி இந்த வேலைக்குத் தோதான துணி, ஈரமும் சூடான இஸ்திரிப்பெட்டியும் காட்டினால் ஒரு இடத்தில் இழுக்கலாம், ஒரு இடத்தில் சுருக்கலாம், உடம்பின் வளைவுக்கு ஏற்றபடி உட்கார வைக்கலாம். பட்டு அப்படிச் சொன்ன பேச்சு கேட்காது.

இந்த ரகசியம் ஐரோப்பாவுக்கு மட்டும் தெரிந்ததும் அல்ல. எடோ காலத்து (17 முதல் 19ஆம் நூற்றாண்டு வரை) ஜப்பானில் வணிகர்களிடம் பணம் குவிந்து கிடந்தது, ஆனால் அவர்கள் பகட்டாக உடுத்தக் கூடாது என்று ஆட்சியாளர்கள் கட்டளை மேல் கட்டளை போட்டார்கள். வணிகர்களா சும்மா இருப்பார்கள்? வெளியே சாதுவான கறுப்போ பழுப்போ, உள்பக்க லைனிங்கில் விலையுயர்ந்த பட்டு. தெரிந்தவனுக்கு மட்டும் தெரிந்தால் போதும் என்ற அந்த ரசனை, பகட்டாக உடுத்துவதைவிட ஒரு படி மேலான கர்வம் என்றுதான் எனக்குப் படுகிறது.

ஸ்டீவ் ஜாப்ஸ் போட்ட, கழுத்தை மூடும் கறுப்பு டர்ட்டில்நெக் சட்டையை, உடையைப் பற்றிக் கவலைப்படாத மேதைக்கு உதாரணமாக எல்லோரும் காட்டுவார்கள். சோனி ஊழியர்களின் சீருடையைப் பார்த்து ஆசைப்பட்ட அவர், ஆப்பிளிலும் கொண்டுவரலாம் என்று பேச்செடுத்து, ஊழியர்களின் எதிர்ப்பை வாங்கிக் கட்டிக்கொண்டவர். அப்புறம் அதே சோனி சீருடையை வடிவமைத்த இஸ்ஸே மியாகேயிடம் தனக்கு மட்டும் அந்த டர்ட்டில்நெக்கை நூறு போல வாங்கி அடுக்கிக்கொண்டார். கவலைப்படாத ஆள் செய்கிற வேலையா இது?

ஃபேஷனை வேண்டுமென்றே மறுப்பவரும் ஃபேஷனைப் பார்த்துத்தான் உடுத்துகிறார், பிளஸ்ஸுக்குப் பதில் மைனஸ் போட்டுக்கொள்கிறார், அவ்வளவுதான் என்ற பொருளில் ஜெர்மன் சமூகவியலாளர் கியார்க் சிம்மல் 1904லேயே எழுதிவிட்டார். எனக்கு அதில் மறுப்பில்லை. என் சண்டை வேறு. இந்தத் துறவு வசதி பெண்களுக்குக் கிடைக்கவே இல்லை. ஆண்கள் கழற்றிப் போட்ட பட்டையும் லேஸையும் சுமக்கும் வேலை அவர்கள் தலையில் விழுந்தது, கூடவே 'அலங்காரப் பைத்தியம்' என்ற பட்டமும். பாரிஸில் 1800இல் வந்த ஓர் உத்தரவுப்படி, ஆண் உடை அணிய விரும்பும் பெண் காவல்துறையிடம் அனுமதி வாங்க வேண்டும். பிறகு கொஞ்சம் தளர்த்தினார்கள், எப்படி? சைக்கிள் கைப்பிடியையோ குதிரைக் கடிவாளத்தையோ பிடித்திருந்தால் கால்சட்டை போடலாமாம். 2013இல்தான் பிரெஞ்சு அரசு அந்த உத்தரவு செல்லாது என்று சொன்னது.

சட்டம் போனாலும் கண்கள் போகவில்லை. ஆஸ்திரேலியத் தொலைக்காட்சியில் கார்ல் ஸ்டெஃபனோவிச் என்ற தொகுப்பாளர், உடன் பணியாற்றிய பெண் தொகுப்பாளரின் உடையை நேயர்கள் ஓயாமல் குறை சொல்வதைப் பார்த்துக் கடுப்பாகி, ஒரே சூட்டைக் கிட்டத்தட்ட தினமும் போட்டுக்கொண்டு நிகழ்ச்சிக்கு வந்தார். ஒரு வருடம் கழித்து, 2014இல், அவராகவே வாயைத் திறந்து சொல்கிறவரை பார்த்தவர்கள் யாருக்கும் அது உறைக்கவில்லை.